குமிழி வராத மரம்

வகுப்பில் பெஞ்சின் நடுவே துடுப்பு சாக்பீஸால் ஒரு கோடு போட்டாள்.

"இந்தக் கோட்டைத் தாண்டி உன் முழங்கை வரக் கூடாது."

"சரி," என்றாள் பஞ்சு.

"உன் பையும் வரக் கூடாது."

"சரி."

"மூச்சு விட்டாலும் அந்தப் பக்கம் திரும்பி விடு."

பஞ்சு சுவர்ப் பக்கம் திரும்பி மூச்சு விட்டாள்.

துடுப்பு, பஞ்சு இரண்டுமே வகுப்பில் வைத்த பட்டப்பெயர்கள். பஞ்சுவின் தலைமுடியில் எப்போதும் ஒரு பஞ்சு இழையாவது ஒட்டிக்கொண்டிருக்கும். துடுப்பு இரண்டு கைகளையும் வீசி வீசிப் பேசுவாள். பக்கத்தில் இருப்பவர்தான் குனிந்து தப்பிக்க வேண்டும். நான்கு வருடங்களாகக் குனிந்து தப்பித்தது பஞ்சுதான்.

பதினோரு நாட்களாக அந்தக் கைகள் வீசவே இல்லை.

பதினோரு நாட்களுக்கு முன்னால் ஆற்றின் நடுவில் படகு மூழ்கியது. துடுப்பின் அப்பாதான் படகுக்காரர். ஏறியிருந்தவர்கள் ஒன்பது பேர். அவர் ஒவ்வொருவரையாக இழுத்து, மிதந்த பலகைகளைப் பிடித்துக்கொள்ளச் செய்தார். ஒன்பது பேரும் கரை சேர்ந்தார்கள். அவர் சேரவில்லை.

படகு ஏன் மூழ்கியது? தெருவில் எல்லோரிடமும் பதில் இருந்தது. படகு ஒழுகியது. அடைத்தது யார்? பஞ்சுவின் அம்மா.

அம்மாவுக்குப் படகுப் பட்டறையில் கலப்பத்து வேலை. படகின் பலகைகளுக்கு நடுவே உள்ள இடுக்குகளில் பஞ்சுத் திரியை வைத்து, உளியால் அடித்து இறுக்கி, மேலே சூடான கீலை ஊற்றி அடைக்கும் வேலை. கீல் என்பது தார் மாதிரி கறுப்பாக, பிசுபிசுவென்று இருக்கும். அம்மாவின் விரல்களில் அது போகவே போகாது.

மூழ்கியது புதுப் படகு. ஆற்றில் இறங்கிய முதல் வாரத்திலிருந்தே அதற்குள் தண்ணீர் ஊறியது. அம்மா மூன்று முறை இடுக்குகளைப் பிரித்து மறுபடி அடைத்தாள். அப்படியும் ஊறியது. படகுக்காரர் தினமும் காலையில் ஒரு தகர டப்பாவால் தண்ணீரை அள்ளி வெளியே கொட்டிவிட்டுத்தான் ஆட்களை ஏற்றுவார்.

"என் படகுக்குத் தாகம் கொஞ்சம் ஜாஸ்தி," என்று சிரிப்பார்.

அன்று ஆற்றில் வெள்ளம். அக்கரையில் மருத்துவமனைக்குப் போகிற அவசரத்தில் ஒரு கூட்டம் வந்து நின்றது. அவர் டப்பாவை எடுக்கவில்லை.

*

வீட்டில் அம்மா மேசை முன்னால் உட்கார்ந்திருந்தாள். தட்டில் சாப்பாடு ஆறிப்போயிருந்தது. மேசையின் இரண்டு பலகைகளுக்கு நடுவே இருந்த கோட்டில் அம்மாவின் கட்டைவிரல் நகம் மெதுவாக ஓடிக்கொண்டிருந்தது. ஒரு முனையிலிருந்து மறு முனை வரை போகும். மறுபடி முதலிலிருந்து தொடங்கும்.

அம்மா என்ன செய்கிறாள் என்று பஞ்சுவுக்குத் தெரியும். மூழ்கிய படகின் இடுக்குகளை ஒவ்வொன்றாக நினைத்துப் பார்க்கிறாள். எந்த இடத்தில் தன் கை தவறியது என்று தேடுகிறாள்.

"அம்மா, சாப்பிடு."

"ம்."

"நீ நல்லாத்தானே அடைச்ச?"

நகம் நின்றது. வெளியே யாரோ சைக்கிளில் போனார்கள். அந்தச் சத்தம் தெருக்கோடி வரை போய் மறைந்தது.

"நல்லா அடைச்சேன்னுதான் நினைச்சேன்," என்றாள் அம்மா. "நினைச்சா மட்டும் போதுமா?"

பஞ்சு தட்டை அம்மாவின் பக்கம் நகர்த்தி வைத்தாள். கொஞ்ச நேரம் கழித்து நகம் மறுபடி ஓடத் தொடங்கியது.

*

அடுத்த நாள் அறிவியல் வகுப்பு. டீச்சர் முந்தின நாளே ஒரு செடித் தண்டைச் சிவப்பு மைத் தண்ணீரில் நிறுத்தி வைத்திருந்தார். இப்போது அதை எடுத்து பிளேடால் குறுக்கே வெட்டினார். வெட்டிய துண்டும் ஒரு பூதக்கண்ணாடியும் பெஞ்சு பெஞ்சாக வந்தன.

பஞ்சு குனிந்து பார்த்தாள். வெட்டிய இடத்தில் சின்னச் சின்னச் சிவப்புப் புள்ளிகள் வட்டமாக இருந்தன.

"அந்தப் புள்ளி ஒவ்வொண்ணும் குழாய்களோட வாய்," என்றார் டீச்சர். "வேர்ல இருந்து இலை வரைக்கும் தண்ணி அது வழியாத்தான் போகுது. மரத்துக்குள்ளேயும் இப்படித்தான். நாம பலகைன்னு சொல்றோமே, அதுல பெரும்பகுதி தண்ணி ஓடின பாதைதான்."

"ஸ்ட்ரா மாதிரியா டீச்சர்?" கடைசி பெஞ்சிலிருந்து ஒருவன் கேட்டான்.

"ஏறக்குறைய அப்படித்தான்."

"அப்ப ஊதினா குமிழி வருமா?"

வகுப்பே சிரித்தது. டீச்சரும் சிரித்துவிட்டார். "சில மரத்துல வரும். சில மரத்துல வயசாக ஆக உள்ளே இருக்கிற குழாய் தானாவே அடைச்சுக்கும். அதுல ஒரு காத்தும் போகாது."

பிறகு அவர் கரும்பலகையில் ஒரு செல்லை வரைந்தார். அதன் மேல் இன்னொன்றை வரைந்தார். இரண்டுக்கும் நடுவில் இருந்த கோட்டைத் துடைப்பானால் அழித்தார்.

"இந்தச் செல்கள்ல ஒரு விசேஷம். உயிரோட இருக்கிற வரைக்கும் இதால தண்ணி கொண்டுபோக முடியாது. செத்து, உள்ளே இருக்கிறதெல்லாம் காலியாகி, நடுச்சுவர் உடைஞ்ச பிறகுதான் குழாய் ஆகுது."

கோட்டுக்கு அந்தப் பக்கத்திலிருந்து ஒரு குரல் வந்தது. படகு மூழ்கியதிலிருந்து துடுப்பு வகுப்பில் கேட்ட முதல் கேள்வி அது.

"செத்த பிறகும் வேலை செய்யுமா டீச்சர்?"

டீச்சர் சாக்பீஸைக் கீழே வைத்தார். வகுப்பில் ஒரு பெஞ்சு கூடக் கிறீச்சிடவில்லை.

"செய்யும்மா," என்றார் கடைசியில். "அதுங்க செய்யும்."

துடுப்பு தலையைக் குனிந்துகொண்டாள். பஞ்சுவுக்கு அவள் தோளைத் தொட வேண்டும்போல் இருந்தது. கோடு நடுவில் இருந்தது. அவள் தொடவில்லை.

*

விடுமுறை நாளில் இரண்டாவது படகின் சோதனை. முதல் படகோடு கூடவே, அதே மரத்தில் கட்டிய படகு அது. துடுப்பின் சித்தப்பா மறுநாள் அதை ஆற்றில் இறக்குவதாக இருந்தது. அக்கரைக்குப் போக வேறு படகு இல்லை.

பட்டறையில் சோதனை செய்வது இப்படி. படகைக் கட்டைகள் மேல் தூக்கி நிறுத்துவார்கள். வெளியிலிருந்து உள்ளே தண்ணீர் வருகிறதா என்று பார்க்க மாட்டார்கள். படகுக்குள்ளேயே தண்ணீரை நிரப்பிவிட்டு, அது வெளியே வருகிறதா என்று பார்ப்பார்கள். மதியம் வரை காத்திருந்து, பிறகு அடியில் தவழ்ந்து, சொட்டுகிற இடுக்கில் சுண்ணாம்புக் கட்டியால் குறி போடுவார்கள். குறி போட்ட இடத்தை மறுபடி அடைப்பார்கள்.

பஞ்சு சாப்பாட்டுத் தூக்கோடு உள்ளே நுழைந்தபோது மேஸ்திரியின் குரல் கேட்டது. பட்டறையை நடத்துகிறவர் அவர். சாதாரணமாகப் பேசினாலே ஆற்றின் அக்கரைக்குக் கேட்கும். இன்று மெதுவாகப் பேசினார். அதுதான் பயமாக இருந்தது.

"ரெண்டு தடவை அடைச்சாச்சும்மா. இன்னும் சொட்டுது. இந்தத் தடவையும் நிக்கலைன்னா வேற ஆளைப் பார்த்துக்கறேன். ஒரு உசுரு போயிடுச்சு. இன்னொண்ணு போகக் கூடாது."

"சரிங்க மேஸ்திரி," என்றாள் அம்மா. உளியை எடுத்தாள். கீழே வைத்துவிட்டு, மறுபடி எடுத்தாள்.

பஞ்சு தூக்கை ஓரமாக வைத்துவிட்டுப் படகுக்கு அடியில் நுழைந்தாள். பெரியவர்கள் அங்கே தவழத்தான் முடியும். அவளால் மல்லாந்து படுக்க முடிந்தது.

படகின் முதுகெலும்பு மாதிரி முன்னிருந்து பின்வரை ஒரு நீள மரம் ஓடியது. அடிமரம் என்பார்கள். அதன் பின் முனை வெட்டிய முகமாக வெளியே நீட்டிக்கொண்டிருந்தது. அந்த முனையிலிருந்துதான் நீர் சொட்டியது. அதற்கு மேலே இருந்த இடுக்கில் வரிசையாகச் சுண்ணாம்புக் குறிகள். மேலிருந்து வழிந்து வந்து முனையில் சொட்டுகிறது என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள். பட்டறையில் யாரும் மரத்தையே சந்தேகப்படுவதில்லை.

பஞ்சு விரலால் அந்த இடுக்கைத் தடவினாள். காய்ந்திருந்தது.

இன்னொரு முறை தடவினாள். காய்ந்துதான் இருந்தது.

சட்டை நுனியால் அடிமரத்தின் முனையை அழுத்தித் துடைத்துவிட்டு, கண்ணைக் கிட்டே கொண்டுபோனாள். கொஞ்ச நேரம் ஒன்றும் இல்லை. பிறகு மரத்தின் முகத்தில் ஊசி முனை அளவுக்கு ஒரு நீர்ப்புள்ளி எழுந்தது. பக்கத்தில் இன்னொன்று. அப்புறம் பத்து, இருபது. வகுப்பில் பார்த்த சிவப்புப் புள்ளிகளைப் போலவே அவை வளைவு வளைவாக வரிசையில் நின்றன. ஒன்றோடொன்று சேர்ந்து, கனத்து, அவள் நெற்றியில் சொட்டின.

"அம்மா! இடுக்குல இருந்து வரலை. மரத்துக்குள்ள இருந்து வருது!"

"வெளியே வாடி. கீல் கொதிக்குது."

"நிஜம்மா. வந்து பாரேன்."

"மரத்துக்குள்ள எப்படித் தண்ணி போகும்?" அம்மா சிரிக்கவுமில்லை, கோபப்படவுமில்லை. "எனக்காக எதையாவது சொல்லாதே."

பஞ்சு வெளியே வந்தாள். பட்டறையின் மூலையில் வெட்டிப்போட்ட துண்டுகள் குவிந்து கிடந்தன. இந்த இரண்டு படகுகளுக்கும் அடிமரமாகப் போட்ட புது வகை மரத்தில் ஒரு சாண் துண்டு எடுத்தாள். முன்பெல்லாம் பட்டறையில் போட்ட பழைய வகை மரத்தின் துண்டு எங்கே? அம்மா உட்கார்ந்து வேலை செய்யும் குட்டை முக்காலி அந்த மரத்தில் செய்தது. அதன் ஒரு கால் ஆடும். அசைத்துப் பார்த்தாள். கழன்று கையோடு வந்தது.

கை கழுவும் இடத்தில் ஒரு குவளையில் சோப்பைக் கரைத்தாள். முக்காலியின் காலைக் குவளைக்குள் விட்டு, மேல் முனையை வாயில் வைத்து ஊதினாள்.

ஒன்றும் வரவில்லை. கன்னம் உப்பி, காது அடைத்தது. அப்படியும் வரவில்லை.

"என்ன பஞ்சு?" மேஸ்திரி அந்தப் பக்கமாக வந்தார். "ஊரே அழுதுக்கிட்டு இருக்கு. நீ முக்காலிக் காலை எடுத்து நாயனம் வாசிக்கறியா?"

பஞ்சு பதில் சொல்லவில்லை. வாயில் மரம் இருந்தது. அடுத்து புது மரத் துண்டைக் குவளைக்குள் விட்டாள். ஊதினாள்.

குவளை பொங்கியது.

சின்னச் சின்னக் குமிழிகள் கொத்துக் கொத்தாக எழுந்து, குவளையின் விளிம்பைத் தாண்டி, அவள் கையில் வழிந்தன.

மேஸ்திரி துண்டை வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தார். விரிசல் இல்லை. ஓட்டை இல்லை. வாயில் வைத்து ஊதினார். குமிழிகள் அவர் மீசை வரை வந்தன. முக்காலியின் காலை வாங்கி ஊதினார். முகம் சிவந்தது. கண் பிதுங்கியது. ஒரு குமிழிகூட வரவில்லை.

"இன்னொரு துண்டு கொண்டா," என்றார். கொண்டுவந்தாள். அதுவும் பொங்கியது.

"படகுக்குள்ள உட்காருற பலகையோட கால் நிக்கறதுக்கு அடிமரத்துல பள்ளம் வெட்டியிருக்கீங்கல்ல மாமா," என்றாள் பஞ்சு. "படகு ஆத்துல நிக்கும்போது தண்ணி அந்த முனை வழியா நுழைஞ்சு, குழாய்ல ஓடி, பள்ளத்துல வந்து ஊறுது. இடுக்கை எத்தனை தடவை அடைச்சாலும் நிக்காது."

மேஸ்திரி கட்டையின் மேல் உட்கார்ந்தார்.

"பழைய மரம் கிடைக்கலை," என்றார். யாரிடம் சொன்னார் என்று தெரியவில்லை. "அதே நிறம். அதே எடை. நான்தான் பார்த்து இறக்கினேன்."

கீல் சட்டிக்கு அடியில் நெருப்பு எரிந்துகொண்டிருந்தது. மேஸ்திரியின் கையில் புது மரத் துண்டு இருந்தது. அவர் நெருப்பைப் பார்த்தார். துண்டைப் பார்த்தார். அம்மாவும் உளியோடு வந்து நின்றிருந்தாள். படகின் அடியில் சொட்டுகிற சத்தம் மட்டும் கேட்டது.

"இதை வேற யார் பார்த்தா?" என்று கேட்டார்.

"யாரும் பார்க்கலை," என்றாள் பஞ்சு. "ஆனா நாளைக்கு துடுப்போட சித்தப்பா இந்தப் படகுல ஏறுவாரு மாமா. அவரும் டப்பா வெச்சிருப்பாரு."

மேஸ்திரி கண்ணை மூடிக்கொண்டார்.

திறந்தபோது துண்டை மடியில் வைத்துக்கொண்டு, கை நீட்டிக் குவளையை எடுத்தார். "ரெண்டையும் நானே அவங்க வீட்டுக்குக் கொண்டுபோறேன்," என்றார். "தெரு வழியாவே போறேன்." எழுந்தவர் அம்மாவைப் பார்க்காமலே, "உன் கையில தப்பு இல்லைம்மா," என்றார்.

வழியெல்லாம் சோப்புத் தண்ணீர் சிந்த அவர் நடந்து போனார். தெருவில் நின்றவர்கள் பேச்சை நிறுத்திவிட்டுப் பார்த்தார்கள். படகுக்காரர் வீட்டு வாசலில் உட்கார்ந்து அவர் ஊதியதையும், துடுப்பின் சித்தப்பா கேட்டதையும், மேஸ்திரி தலை நிமிராமல் பதில் சொன்னதையும் அன்று தெருவே பார்த்தது.

அம்மா பட்டறையிலேயே நின்றாள். அடிமரத்தின் முனையைத் தன் கையால் துடைத்தாள். நீர்ப்புள்ளிகள் எழுவதைப் பார்த்தாள். மறுபடி துடைத்தாள். பிறகு படகுக்கு அடியிலேயே உட்கார்ந்து அழுதாள். இத்தனை நாட்களாக அவள் அழவில்லை என்பது பஞ்சுவுக்கு அப்போதுதான் உறைத்தது.

வீட்டுக்குப் போனதும் அம்மா தூக்கைத் திறந்து, ஆறிப்போன சாப்பாட்டை முழுவதும் சாப்பிட்டாள்.

"முக்காலிக்கு யாருடி கால் போடுறது?" என்றாள் நடுவில்.

*

பள்ளிக்கூடம் திறந்த நாளில் பஞ்சு சுவர்ப் பக்கம் திரும்பித்தான் உட்கார்ந்தாள். கோடு அப்படியே இருந்தது.

துடுப்பு பையிலிருந்து ஒரு மரத் துண்டை எடுத்துப் பெஞ்சின் மேல் வைத்தாள். மேஸ்திரி அவள் வீட்டிலேயே விட்டுவிட்டு வந்த துண்டு.

"படகு மூழ்குற வரைக்கும் அப்பா கையால தடவித் தடவித் தேடினாராம்," என்றாள். "கூட இருந்தவங்க சொன்னாங்க. எங்கிருந்து வருதுன்னு தேடினாராம்."

பஞ்சு சுவரை விட்டு அவள் பக்கம் திரும்பினாள்.

"இடுக்குலதான் தேடியிருப்பாரு," என்றாள் துடுப்பு.

"ம்."

"இதுல தேட அவருக்குத் தோணியிருக்காது."

"யாருக்கும் தோணலை."

மணி அடித்தது. பிள்ளைகள் உள்ளே வந்தார்கள். இரண்டு பேரும் அந்தத் துண்டையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள். டீச்சர் வருவதற்குச் சற்று முன்னால் துடுப்பு மெதுவாகச் சொன்னாள்.

"என் படகுக்குத் தாகம் ஜாஸ்தின்னு அப்பா சொல்வாரே. சரியாத்தான் சொல்லியிருக்காரு இல்ல?"

அதைச் சொல்லும்போது அவளுடைய வலது கை கொஞ்சம் எழுந்து வீசியது. கோட்டைத் தாண்டி வந்து பஞ்சுவின் காதை உரசியது. பஞ்சு குனியவில்லை.

*

இரண்டாவது படகின் அடிமரத்தைப் பிரித்து எடுத்தார்கள். அதற்காக மூன்று மாதம் அக்கரைக்கு யாரும் போகவில்லை. வேறு மரம் தேட மேஸ்திரி ஊர் ஊராக அலைந்தார். முன்போல் அவர் சத்தமாகப் பேசுவதில்லை. அம்மா மறுபடி உளியை எடுத்தாள். முதல் சில நாட்கள் ஒவ்வோர் இடுக்கையும் இரண்டு முறை தடவிப் பார்த்தாள். பிறகு ஒரு முறையோடு விட்டாள்.

இப்போது பட்டறையில் ஒரு புது வழக்கம். மர வண்டி வந்தால் சரக்கை உடனே இறக்க மாட்டார்கள். ஒவ்வொரு மரத்திலும் ஒரு சாண் துண்டை வெட்டி, சோப்புத் தண்ணீர்க் குவளையோடு கட்டையின் மேல் வைப்பார்கள். பள்ளிக்கூடம் விட்டதும் இரண்டு பெண்கள் ஓடி வருவார்கள்.

மாறி மாறி ஊதுவார்கள். முகம் சிவக்கும், கண்ணில் நீர் வரும். மேஸ்திரியும் அம்மாவும் துடுப்பின் சித்தப்பாவும் குவளையையே பார்த்துக்கொண்டு நிற்பார்கள். கன்னம் வலிக்க ஊதியும் ஒரு குமிழிகூட வரவில்லை என்றால், அன்று துடுப்பு இரண்டு கைகளையும் வீசி, "இறக்குங்க!" என்று கத்துவாள்.